வால்வின் ஓரத்தில் ஒரு சிவப்பு இழை

அலுவலகத்தில் அவளுக்குத் 'துப்பறியும் அக்கா' என்று பெயர். உடம்புக்குள் நடப்பதை, பார்ப்பவர்களுக்குப் புரியும்படி திரையில் அசைய வைப்பது அவள் வேலை. அதற்கென்று எங்கும் போய்ப் படித்ததில்லை. கம்ப்யூட்டரோடு மல்லுக்கட்டியும், அறுவை சிகிச்சைப் பதிவுகளைத் திரும்பத் திரும்பப் பார்த்தும் கற்றுக்கொண்டது. ஒரு காட்சி முதல் தடவையே சரியாக வந்துவிட்டால் அவளுக்கு இருப்புக் கொள்ளாது. இடவலமாகத் திருப்பிப் போட்டுப் பார்ப்பாள். நிறத்தை எடுத்துவிட்டுப் பார்ப்பாள்.

"அக்கா தன் நிழலையே ரெண்டு தடவை செக் பண்ணும்" என்பான் எடிட்டர்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நாத்தனார் சிரித்துக்கொண்டே வீட்டுக்குள் வந்தாள்.

"அண்ணி, ஆபரேஷனுக்குச் சரின்னு சொல்லிட்டேன். நீங்க செஞ்ச படத்தைத்தான் ஆஸ்பத்திரியில போட்டுக் காட்டுனாங்க. போன்லயும் அனுப்பியிருக்காங்க. தொடை வழியா புது வால்வு உள்ள போகுது, இதயத்துல குடை மாதிரி விரியுது, முடிஞ்சுது! இதுக்கா பயந்தோம்னு ஆயிடுச்சு."

அவளுக்குச் சுருக்கென்றது. ஒரு ஊசிக்கே ஊரைக் கூட்டுகிறவள் இப்படிச் சிரிக்கிறாள் என்றால், படத்தில் யாரோ கை வைத்திருக்கிறார்கள். புது வால்வு சரியாகப் பொருந்தாமல் ஓரத்தில் ரத்தம் கசிவதைத் தனிக் காட்சியாகவே செய்திருந்தாள். சிலருக்கு அப்படி ஆகும், அதையும் காட்ட வேண்டும் என்று அந்த ஆஸ்பத்திரி டாக்டரே கேட்டு வாங்கிய காட்சி.

எடிட்டருக்குப் போன் போட்டாள். "கசியிற காட்சியைத் தூக்கிட்டியா?"

"சத்தியமா நான் தொடலக்கா."

"அப்ப டாக்டரா? இல்ல, ஆஸ்பத்திரி ஆளுங்களா?"

"உங்க வீட்டுக்காரரை மட்டும் ஏன்க்கா விட்டுட்டீங்க?"

நாத்தனாரின் போனை வாங்கி, படத்தை நிறுத்தி நிறுத்தி ஓட்டினாள். எதுவும் வெட்டுப்படவில்லை. கசிவும் அப்படியே இருந்தது.

"இதைப் பாத்தியா?"

"பாக்காம? அந்தச் சிவப்பு இழை புகை மாதிரி சுருண்டு சுருண்டு போகுதே, அதுதான் அண்ணி கொள்ளை அழகு. வால்வு வேலை செய்ய ஆரம்பிச்சிடுச்சுன்னு அர்த்தம், இல்ல?"

அவள் அந்தச் சுருளுக்காகவே எவ்வளவோ மெனக்கெட்டிருந்தாள். பின்னாலிருந்து வெளிச்சம் விழும்படி வைத்தது அவள்தான். கசியும் திசை, வேகம், தடிமன் என்று ஒவ்வொன்றையும் சந்தேகப்பட்டுச் சரிபார்த்தவள், அது அழகாக இருந்ததை மட்டும் சந்தேகப்படவில்லை.

"அது ரத்தம்மா. கசியக் கூடாத இடத்துல கசியுது."

நாத்தனாரின் சிரிப்பு நின்றது. "எனக்கும் அப்படி ஆகுமா?"

"ஆகலாம், ஆகாமலும் போகலாம். டாக்டர்தான் சொல்லணும்."

"அப்புறம் எதுக்கு அண்ணி அதைப் போய் இவ்வளவு அழகா செஞ்சீங்க?"

மறுநாள் இருவரும் டாக்டர் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். "எல்லாம் படத்துலயே வருதே, பாத்தீங்கல்ல?" என்று அவர் திரையை இவர்கள் பக்கம் திருப்பினார்.

"பாத்தோம் டாக்டர்" என்றாள் நாத்தனார். "அதை அணைச்சுட்டு வாயால சொல்லுங்க. ஓரத்துல கசிஞ்சா என்ன பண்ணுவீங்க? அதுல இருந்தே ஆரம்பிங்க."