ஊமைப்படத்துக்குப் பாடிய எர்சிலியா

எங்கள் ஊரில் எர்சிலியா மெத்தை தைப்பவள். வீடு வீடாகப் போய்ப் பழைய மெத்தையைப் பிரித்து, உள்ளே அடைத்த கம்பளி ரோமத்தை உதறித் திரும்பத் தைத்துக் கொடுப்பாள். குளிர்காலத்தில் ஓபரா என்னும் இசைநாடக அரங்கின் கோரஸில் பாடுவாள். அவளுக்குப் பின்வரிசையில் நான். நாளெல்லாம் கம்பளித் தூசியில் கிடந்தவளுக்கு அப்படியொரு கணீர்க் குரல்!

ஓபரா மேதை கவரானி எங்கள் ஊர்க்காரர். அவர் இறந்தபின் சதுக்கத்தில் வெண்கலச் சிலை வைத்தோம். திறப்பு விழாவைப் படம்பிடிக்க தூரின் நகரிலிருந்து ஒரு காமிராக்காரர் வந்திருந்தார். கவரானியின் அறுவடைப் பாட்டை நாங்கள் பாட வேண்டும். மழை பிடித்துக்கொண்டது.

"தொண்டையைக் கெடுத்துக்காதீங்க. வாயசைச்சாப் போதும். படத்துல சத்தமா கேக்கப்போகுது?" என்றார் காமிராக்காரர்.

எர்சிலியா குடையை மடக்கினாள். "வாயை மட்டும் அசைக்க நாங்க என்ன மீனா, தம்பி? அவர் எழுதினது பாடறதுக்கு. நீ காமிராவைச் சுத்து, நாங்க பாடறோம்."

நனைந்தபடியே முழுப் பாட்டையும் பாடினோம்.

வசந்தத்தில் படம் எங்கள் கொட்டகைக்கு வந்தது. சிலை தெரிந்தது, மேயரின் தொப்பி தெரிந்தது, பிறகு நாங்கள். திரையில் எர்சிலியாவின் வாய் அகலமாகத் திறந்து மூடியது. பியானோக்காரர் சம்பந்தமில்லாமல் ஏதோ நடன இசை வாசித்தார்.

"கொட்டாவி விடறா பாரு!" என்று கசாப்புக்கடை ஒரெஸ்தே கத்த, கொட்டகையே சிரித்தது.

எர்சிலியா எழுந்து நின்றாள். "பியானோவை நிறுத்துங்க, ஐயா. டேய் ருஜ்ஜேரோ, முதல்லேர்ந்து ஓட்டு!"

"டிக்கெட் வாங்கினவங்க சண்டைக்கு வருவாங்க, அக்கா," என்றான் படம் ஓட்டுபவன்.

"அவங்க கேக்கணும்னுதான்டா சொல்றேன்."

படம் மறுபடி ஓடியது. அவள் பாடத் தொடங்கினாள். ஆனால் திரையில் வாய் முந்திக்கொண்டு ஓடியது. அவள் கையை உயர்த்தித் தாளம் போட்டாள். ருஜ்ஜேரோ அந்தக் கையைப் பார்த்துக் கைப்பிடியை மெதுவாகச் சுற்றினான். உதடும் குரலும் ஒன்று சேர்ந்தன. கோரஸ்காரர்கள் நாங்கள் இருந்த இடத்திலிருந்தே சேர்ந்துகொண்டோம். ஒரெஸ்தேயும் பாடினான், சுருதி சேராமல்.

அதன்பின் படம் போன ஊருக்கெல்லாம் அவளையும் கூப்பிட்டார்கள். நாங்கள் நாலைந்து பேர் கூடப் போய்த் திரைக்குப் பக்கத்தில் நின்று பாடினோம். அவள் தாளத்துக்குப் படம் ஓட்ட ருஜ்ஜேரோவும் வந்தான். ஓர் ஊரில் பாதியில் சுருள் அறுந்துபோனது. ருஜ்ஜேரோ ஒட்டி முடிக்கும்வரை அவள் இருட்டிலேயே தனியாகப் பாடிக்கொண்டிருந்தாள். ஒருவர்கூட எழுந்து போகவில்லை.

பேசும்படம் வந்த பிறகு யாரும் கூப்பிடவில்லை. "வருத்தமா இருக்கா?" என்று கேட்டேன்.

"எதுக்கு? இப்பப் படமே பாடுது. நான் கொஞ்சம் உக்காந்து கேக்கறேன்."

அவள் போய்ச் சேர்ந்து பல வருஷமாகிறது. கவரானியின் பிறந்தநாளில் இன்றும் அந்தப் படத்தை ஓட்டுகிறோம். கோரஸின் புதுப் பெண்கள் எர்சிலியாவின் உதட்டைப் பார்த்தபடி பாடுகிறார்கள்.