வேலைக்கு வராதவர்களின் பட்டியல்

அந்த வருடம் என்னால் ஓரிடத்தில் பத்து நிமிடம் உட்கார முடியவில்லை. கடைசியாக எகிப்தில் அகழாய்வுக்குப் போய் நான்கு வருடம் ஆகியிருந்தது. கலிபோர்னியாவில், குபெர்டினோவில் வீடு, கணவருக்கு இன்ஜினியர் வேலை, மகளுக்கு டேகேர். எனக்கு மட்டும் நிலையான வேலை இல்லை. ஸ்லைடு பெட்டியைக் காரில் போட்டுக்கொண்டு நூலகம் நூலகமாகப் போய், பழைய எகிப்தியர்கள் என்ன சமைத்தார்கள், எங்கே தூங்கினார்கள் என்று பேசிக்கொண்டிருந்தேன். கேட்க வருகிறவர்களுக்கோ மம்மிதான் வேண்டும்.

பிளசன்டன் நூலகத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் பதினோரு பேர் வந்திருந்தார்கள், பெரும்பாலும் ஓய்வு பெற்றவர்கள். அரசர்களுக்குக் கல்லறை குடைந்த தொழிலாளர்களின் வருகைப் பதிவைக் காட்டினேன். சுண்ணாம்புக் கல்லில் மையால் எழுதியது. யார் வரவில்லை, ஏன் வரவில்லை என்று நாள்வாரியாக இருக்கும். ஒருவனைத் தேள் கொட்டியது. ஒருவனுக்குக் கண்ணில் நோவு. இன்னொருவன் வீட்டில் பீர் காய்ச்சினான். எல்லாரும் சிரித்தார்கள். கடைசி வரிசையில் டை கட்டி உட்கார்ந்திருந்த நம்மூர்க்காரர் ஒருவர் மட்டும் சிரிக்கவில்லை.

நான் புரொஜெக்டரை மூடும்போது அவர் பக்கத்தில் வந்து நின்றார்.

"மேடம், காரணமே சொல்லாம வராதவங்களுக்கு என்ன எழுதுவாங்க?"

சில பெயர்களுக்கு எதிரே காரணம் இருக்காது, நமக்குத் தெரிய வழியில்லை என்றேன். அவர் நகரவில்லை. மெதுவாகச் சொல்ல ஆரம்பித்தார். மூன்று வாரத்துக்கு முன் வேலை போய்விட்டது. கிரீன் கார்டு அந்தக் கம்பெனி மூலம்தான் அப்ளை பண்ணியிருந்தார்கள்; வேறு வேலை கிடைக்காவிட்டால் ஊருக்குத் திரும்ப வேண்டியதுதான். மனைவி கட்டிக்கொடுக்கும் சாப்பாட்டை எடுத்துக்கொண்டு தினமும் காலையில் கிளம்பி இங்கே வந்துவிடுகிறார்.

"இன்னிக்கு சொல்லிடணும்னுதான் தினமும் வீட்டுக்குப் போறேன்."

எனக்கு டேகேருக்கு நேரமாகிவிட்டது. இன்றே சொல்லிவிடுங்கள் என்று, என் போன் நம்பர் இருந்த தாளைக் கையில் கொடுத்துவிட்டுக் கிளம்பினேன். ஃப்ரீவேயில் போகும்போதுதான் உறைத்தது. செத்து மூவாயிரம் வருடமானவர்களைப் பற்றி ஒரு மணி நேரம் பேசியவள், உயிரோடு நின்றவருக்கு ஐந்து நிமிடம் கொடுக்கவில்லை.

பத்து நாள் கழித்து ஒரு பெண் போன் செய்தார். அவருடைய மனைவி. முந்தின நாள்தான் அவர் சொன்னாராம்.

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

தெரியும் என்றேன். திட்டுவார் என்று காத்திருந்தேன். அவர் வேறொன்று கேட்டார்.

"லைப்ரரிக்குள்ள சாப்பிட விடமாட்டாங்களே. அவர் எங்க உக்காந்து சாப்பிட்டார்னு தெரியுமா? கேட்டா சொல்ல மாட்டேங்கிறார்."

நான் அதைக் கேட்டிருக்கவில்லை. அப்படியே சொன்னேன். சரி என்று வைத்துவிட்டார். நான் வீட்டுக்குள் முன்னும் பின்னும் நடந்துகொண்டிருந்தேன்.

அடுத்த வசந்தத்தில் நியூ ஜெர்சியிலிருந்து ஒரு கார்டு வந்தது. பார்சிப்பனியில் அவருக்கு வேலை கிடைத்துவிட்டது, குளிர்தான் இன்னும் பழகவில்லை என்று மனைவி எழுதியிருந்தார். கீழே அவரும் ஒரு கையெழுத்துப் போட்டிருந்தார்.