சிலுவை போட்ட கரடி

ராயபுரத்தில் எங்கள் கீழ்வீட்டு வால்டர் அங்கிள் டிவியில் வந்தவர் என்றால் யாரும் நம்புவதில்லை. முகம் தெரிந்தால்தானே நம்புவதற்கு! தொண்ணூறுகளில் ஒரு சேனலில் ஞாயிற்றுக்கிழமை விளையாட்டு நிகழ்ச்சி ஒன்று வந்தது. கரடி, குரங்கு என்று வேஷம் கட்டியவர்கள் வாய் திறக்காமல் தையல்காரர், கண்டக்டர் என்று நடித்துக் காட்டுவார்கள். போட்டியாளர்கள் கண்டுபிடிக்க வேண்டும். பரிசு போட்டியாளருக்கு, கைதட்டல் தொகுப்பாளருக்கு. கரடி உடுப்புக்குள் வெந்துகொண்டிருந்தவர் அங்கிள். மற்ற நாட்களில் துறைமுகத்தில் கிரேன் ஓட்டினார்.

டீக்கடை திலீப்புக்கு இதை வைத்து அவரை ஓட்டாவிட்டால் பொழுது போகாது. "உள்ள கீறது நீதான்னு இன்னா ப்ரூஃபு, நைனா?"

போன மாதம் அந்த நிகழ்ச்சிகளை யாரோ யூடியூபில் ஏற்றியிருந்தார்கள். அங்கிளிடம் இருப்பது பட்டன் போன். அதனால் மாடியேறி என்னிடம் வந்தார்.

"கீர்த்தி, நான் வந்த மொத எபிசோடு கீதான்னு பாரு. மேடை ஏறச்சொல்லோ பயத்துல கரடி டிரஸ்ஸோட சிலுவை போட்டுக்கினேன். 'கரடி எங்கய்யா சிலுவை போடும்'னு டைரக்டர் கத்துனாரு. வெட்டிர்றேன்னாரு. வெட்டாம வுட்டுருந்தா அதான் ப்ரூஃபு."

அன்று அவர் மனைவி சில்வியா ஆன்ட்டியும் கூட்டத்தில் உட்கார்ந்திருந்தாராம். தனக்கு என்ன வேஷம் என்று அங்கிள் முன்கூட்டி அவரிடம் சொல்லவில்லை. "உள்ள வந்தவுடனே நீதான்னு கண்டுகினேன்" என்று ஆன்ட்டி சாகும்வரை சொன்னார். அங்கிள் ஒருநாளும் நம்பவில்லை. "ரீல் வுடாதடி" என்பார். ஆன்ட்டி போய் இரண்டு வருஷம் ஆகிறது. பிள்ளைகள் இல்லை. கீழ்வீட்டில் இப்போது ரேடியோ மட்டும்தான் பேசுகிறது.

தேடினேன். இருந்தது. வெட்டவில்லை. கரடியின் கை நெற்றி, நெஞ்சு, இரண்டு தோள் என்று போனது. அரங்கமே சிரித்தது. கேமரா கூட்டத்தின் பக்கம் திரும்பியது. சிரிக்கிற அத்தனை பேர் நடுவில் கனகாம்பரம் வைத்த ஒரு பெண் மட்டும் சிரிக்காமல், கண்ணை மூடி, தானும் சிலுவை போட்டுக்கொண்டாள்.

"சில்வியா" என்றார் அங்கிள். "நெசத்தத்தான் சொல்லிகினு இருந்துருக்கா. நான்தான் லூசு" என்றார்.

மறுநாள் டீக்கடையில் திலீப் ஆரம்பித்தான். "இன்னா நைனா, ப்ரூஃபு கெட்ச்சுதா?"

"இல்ல மாமு. வெட்டிட்டானுங்க."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. போனை திலீப்பின் மூக்குக்கு நேரே நீட்டியிருப்பேன். அங்கிள் வேண்டாம் என்று கண்ணைக் காட்டினார்.

வீட்டுக்கு வரும் வழியில் ஏன் என்று கேட்டேன். "அவனுங்க கரடியப் பாத்துதான் சிரிப்பானுங்க. அவ அங்க கும்பிட்டுகினு கீறா, கீர்த்தி."

இப்போது தினமும் சாயங்காலம் மேலே வருகிறார். கரடியைப் பார்ப்பதில்லை; நேராக அந்தக் கூட்டத்துக்குத்தான். நேற்று போனை முகத்துக்குக் கிட்டே வைத்துக்கொண்டு, "நம்பிட்டேண்டி" என்றார். அதற்குள் விளம்பரம் வந்துவிட்டது. முடியட்டும் என்று காத்திருந்தார்.