கருங்கண்ணாடி பார்த்தவர்கள் சொல்லும் ஒரே வார்த்தை

எனக்கு ஒரு கெட்ட பழக்கம். யாராவது "அதை மட்டும் கேட்காதே" என்றால் போதும், சோறு இறங்காது. போன தை மாதம், பொங்கல் கூட்டம் வடிந்ததும் நான் ராமேஸ்வரம் போனதே அதனால்தான். தொண்டிப் பக்கம் ஒரு கடலோர ஊரில், தெரியாததைத் தெரிந்துகொள்ளக் கருங்கண்ணாடி பார்க்கும் வழக்கம் உண்டு, பார்த்தவர்கள் வெளியே வந்து வாயே திறப்பதில்லை என்று என் தோழி சொல்லியிருந்தாள். விடுவேனா நான்?

ராமேஸ்வரத்தில் அறை எடுத்தேன். தங்கச்சிமடத்து டிரைவர் அருளின் காரை ஒரு நாளைக்குப் பேசிக்கொண்டேன். போக வர இருநூறு கிலோமீட்டருக்கு மேல் ஆகும். டீசலோடு மூவாயிரத்து ஐந்நூறு. காலை ஏழு மணிக்குக் கிளம்பி பாம்பன், மண்டபம், ராமநாதபுரம் தாண்டி, தேவிபட்டினத்தில் டீக்கு நின்றோம். அங்கேதான் எதற்காகப் போகிறேன் என்று சொன்னேன்.

அருள் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டார். "அங்கனயா போறீக? எங்க மதினி போயிருக்காகக்கா."

ஆறு வருடம் முன்பு அருளின் அண்ணன் வேறொருவருடைய விசைப்படகில் கூலிக்குப் போனார். படகும் திரும்பவில்லை, ஆளும் திரும்பவில்லை. அண்ணன் மனைவி ஸ்டெல்லா அந்த வருடமே கருங்கண்ணாடி பார்த்துவிட்டு வந்து, "பார்த்தேன்" என்று மட்டும் சொன்னாராம். அழவில்லை. அழாததால் அண்ணன் எங்கேயோ உயிரோடு இருக்கிறார் என்று வீடே நம்புகிறது. அண்ணனுடைய சொந்த வள்ளம் இன்னும் கரையில் கவிழ்த்தபடியே கிடக்கிறது.

"ஆளு இருக்கையில அதை நான் எடுத்து ஓட்டுனா, நாளைக்கு அண்ணன் வந்து நிக்கயில என்ன சொல்றது? சும்மா போட்டு வச்சாலும் பலகை விட்டுப் போகுது. இந்த வருசம் தண்ணில இறக்கலைன்னா விறகுதான்."

"நீங்களே போய்ப் பார்த்திருக்கலாமே?"

"மதினியைச் சந்தேகப்பட்ட மாதிரி ஆயிரும்லக்கா." டீக் காசைக் கொடுத்துவிட்டு வந்தார். "இப்ப சவாரியாத்தான வந்தேன். அதுல தப்பில்லைல?"

தப்பே இல்லை என்று அடித்துச் சொன்னேன். எனக்கும் துணைக்கு ஆள் வேண்டுமே!

மந்திரவாதி வீடு போல ஏதாவது இருக்கும் என்று நினைத்துப் போனேன். வாசலில் துணி காய்கிறது, கூடத்தில் வாஷிங் மெஷின் ஓடுகிறது. கண்ணாடியை வைத்திருக்கும் பரீதா லாத்தாவுக்கு (அந்தப் பக்கத்து முஸ்லிம் வீடுகளில் அக்காவை லாத்தா என்பார்கள்) என் வயதுதான் இருக்கும், வீட்டுக்காரர் ஷார்ஜாவில். கப்பல் ஓட்டிய முன்னோர் யாரோ கீழைத் தீவுகளிலிருந்து கொண்டுவந்த கல்லாம். எரிமலைக் குழம்பு உறைந்து உண்டான கண்ணாடி. உள்ளங்கை அகலம்தான், அட்டக் கறுப்பு.

"மறைவானது அல்லாவுக்கு மட்டும்தான் தெரியும்" என்றார் லாத்தா, முதலிலேயே. "நான் இதுக்குள்ள பார்க்குறதில்ல. பார்க்குறது நீங்க."

பார்ப்பவர்தான் கல்லைத் தேய்க்க வேண்டும். கணவாய் மீன் ஓட்டுப் பொடியும் தேங்காய் எண்ணெயும் தொட்டு, முகம் தெரியும்வரை. எனக்குத் தோள்பட்டை விட்டுப்போயிற்று. அப்புறம் திறந்த கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார வேண்டும். வெளியே வந்தால் "பார்த்தேன்" என்பதற்கு மேல் பேசக் கூடாது, அழுது காட்டிக்கொள்ளவும் கூடாது. இந்தக் கண்ணாடியைப் பார்த்த இன்னொருவரிடம் மட்டும் பேசலாம், அழலாம். போய்ப் பார் என்று யாரையும் தூண்டவும் கூடாது, அவரவருக்கே தோன்றி வர வேண்டும்.

முதலில் என் மூக்கும் இரட்டை நாடியும்தான் தெரிந்தன. பிறகு? பார்த்தேன். அவ்வளவுதான் சொல்ல முடியும், திட்டாதீர்கள்.

அடுத்து அருள் உள்ளே போனார். அரை மணி நேரம் கழித்து வந்து, "பார்த்தேன்க்கா" என்று சொல்லி வண்டியை எடுத்தார். நானும் பார்த்தவள்தானே, கேட்டிருக்கலாம். அந்த முகத்தைப் பார்த்துக் கேட்கத் தைரியம் வரவில்லை. திரும்பும் வழி முழுக்க வாயை மூடிக்கொண்டு வந்தேன். என்னைத் தெரிந்தவர்கள் நம்பமாட்டீர்கள்.

தங்கச்சிமடத்தில் கார் நேரே கடற்கரைக்குப் போனது. ஸ்டெல்லா கருவாட்டைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தார்.

"மதினி, வள்ளத்தைப் புரட்டலாமா?"

அவர் கை அப்படியே நின்றது. "பார்த்துட்டியா?"

"பார்த்தேன்."

ஸ்டெல்லா மணலில் உட்கார்ந்து ஓவென்று அழுதார். "ஆறு வருசம் தம்பி! போய்ப் பாருன்னும் சொல்ல முடியல, பார்த்ததையும் சொல்ல முடியல. நீயாப் போவே, நீயாப் போவேன்னு உன் மூஞ்சியவே பார்த்துக்கிட்டு இருந்தேனே!" அருளும் பக்கத்தில் உட்கார்ந்து அழுதார். எனக்கும் அடக்க முடியவில்லை.

கொஞ்சம் தேறியதும் ஸ்டெல்லா என்னிடம் கேட்டார், "நீங்களும் பார்த்தீகளா?" ஆமாம் என்றேன். "அப்ப இங்கன உக்காருங்க." அதற்குப் பிறகு அவர்கள் பேசிக்கொண்டதை இங்கே எழுத எனக்கு உரிமையில்லை.

கல் எதையாவது காட்டுகிறதா, இல்லை கை வலிக்கத் தேய்க்கும் நேரத்தில் மனசு தனக்குத் தெரிந்ததை ஒத்துக்கொள்கிறதா? எனக்கு இன்னும் தெரியவில்லை. ஆனால் ஒரு பெண்ணை ஆறு வருடம் அழவிடாமல் வைத்த அந்த விதியின் மேல் எனக்குக் கோபம் தீரவே இல்லை. லாத்தாவிடம் போனில் சொன்னேன். "எனக்கும்தான்மா கோபம்" என்றார்.

போங்கள் என்று சொல்லமாட்டேன், ஊர்ப் பெயரையும் எழுதக் கூடாது. தேடிப் போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். லாத்தா காசு வாங்குவதில்லை, தேங்காய் எண்ணெய் மட்டும் வாங்கிக்கொண்டு போங்கள். வெள்ளிக்கிழமை பார்க்க முடியாது. மதியச் சாப்பாட்டைத் தொண்டியிலேயே முடித்துக்கொள்ளுங்கள். தங்கச்சிமடத்திலிருந்து அருளின் கார்தான் வேண்டும் என்றால், காலை பத்து மணிக்கு மேல் கிளம்புகிற மாதிரி வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு முன் அவர் வள்ளத்தோடு கடலில் இருப்பார்.