அக்காவின் ஆலிவ் ஊறுகாய்

கோவில்பட்டியில் ஐந்து பிள்ளைகளில் மூத்தவராகப் பிறந்தவர் எங்கள் அக்கா. அப்பா சீக்கிரமே காலமானதால் எங்களை வளர்க்கும் பொறுப்பும் அதட்டும் உரிமையும் அவருக்கு வந்தன. முதலாவதைச் சலிக்காமல் செய்தார். இரண்டாவதை மகிழ்ச்சியாகவே செய்தார். டீச்சர் வேலை பார்த்து எங்களைக் கரையேற்றிய பிறகுதான் திருமணத்துக்குச் சம்மதித்து, பொறியாளரான அத்தானோடு அமீரகத்தின் அல் ஐன் நகருக்குக் குடிபோனார்.

அங்கே வாடகை வீட்டு முற்றத்தில் ஓர் ஆலிவ் மரம் நின்றது. குளிர் ஒழுங்காக விழும் சிரியாவிலும் ஜோர்டானிலும் சவூதியின் வடகோடியிலும் காய்த்துத் தள்ளும் மரம், அல் ஐன் வெயிலில் பூத்ததே இல்லை. அத்தான் வேலைக்கும் மகள் கல்லூரிக்கும் கிளம்பிய பிறகு அக்காவுக்குப் பேச்சுத்துணை அதுதான். கறிவேப்பிலைக்கு ஊற்றுவதுபோல் இரண்டு வேளையும் தண்ணீர் ஊற்றுவார்.

வீட்டுக்கார அரபிக்குப் பொறுமை தீர்ந்தது. "மேடம், ஸைத்தூன் மாஃபி. அடுத்த வருஷமும் காய் இல்லேன்னா கலாஸ். வெட்டிட்டு கார் ஷெட்" என்று சொல்லிவிட்டார். ஸைத்தூன் என்றால் ஆலிவ். மாஃபி என்றால் இல்லை. கலாஸ் என்றால் மேல்முறையீடு கிடையாது.

அந்தக் குளிர்காலத்தில் மகள் திருமணத்துக்காக அக்கா முன்கூட்டியே ஊருக்கு வந்தார். தண்ணீர் ஊற்றும் பொறுப்பு அத்தானிடம் ஒப்படைக்கப்பட்டது. அத்தான் ஊற்றவில்லை. அவ்வாண்டு குளிரும் சற்றுக் கடுமை. அக்கா திரும்பிய பிறகு, வெயில் ஏறுமுன் மரம் பூத்தது.

"ஒரு சொட்டுகூட ஊத்தலியா?"

"ஊத்தாததாலதான் பூத்திருக்கு. எனக்கு நன்றி சொல்லு."

"குளிரு பூக்க வச்சுது. உங்க சோம்பேறித்தனத்துக்குப் பட்டம் வேற கேக்கீகளோ!"

காய் பறிக்கும் சமயத்தில் நான் அங்கிருந்தேன். அரசு ஊழியன் வெளிநாடு செல்லத் துறை அனுமதி வேண்டும். என் கோப்பு ஒவ்வொரு மேசையிலும் இளைப்பாறியதால் பூவுக்குப் புறப்பட்டவன் காய்க்குத்தான் போய்ச் சேர்ந்தேன். ஒரு பேசின் அளவு தேறியது. அரபி பார்த்தார். "இவ்வளவுதானா?" என்றார். தீர்ப்புச் சொல்லாமல் போய்விட்டார்.

அக்கா அசரவில்லை. நெல்லிக்காய்க்குச் செய்வதுபோல் உப்பும் மிளகாய்த்தூளும் போட்டுக் குலுக்கி, ஒரு பாட்டிலை அரபி வீட்டுக்கு அனுப்பிவைத்தார். அதன் பிறகுதான் எனக்கு ஒன்று தந்தார்.

"ஏலே, எப்படி இருக்கு?"

"வேப்பெண்ணெயில ஊறப் போட்டியாக்கா?"

அக்காவும் ஒன்றைக் கடித்தார். முகம் போன போக்கைப் பார்த்து அத்தான், "நாளைக்கே ஷெட்டு வந்துரும்" என்றார்.

மறுநாள் பாட்டிலோடு வந்தவர் அரபியின் தாயார். திட்டப்போகிறார் என்று நின்றோம். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். காயைக் கீறி, கசப்பு போகும்வரை தினமும் தண்ணீர் மாற்றி, அப்புறம்தான் உப்பு என்று கையாலேயே விளக்கினார். மீதிக் காய்களுக்கு அக்கா அப்படியே செய்தார். ஆனால் முழுதாகக் கீழ்ப்படிவது அவர் வழக்கமல்லவே! கடைசியில் நல்லெண்ணெய், கடுகு, பெருங்காயம் சேர்த்தார்.

நான் ஊர் திரும்பியதும் அத்தான் போனில் சொன்னார்: "கிழவி தினமும் ரொட்டிக்குத் தொட்டுக்குதாம். மரத்துல கைய வச்சா வீட்டுப்பக்கம் வராதேன்னு மகன்கிட்ட சொல்லிட்டுதாம். அவன் கார் வெயில்ல காயுது." பின்னால் 'வெற்றி, வெற்றி' என்று அக்காவின் குரல்.

அத்தான் ஓய்வுபெற்று இருவரும் ஊர் திரும்பினார்கள். சென்ற ஆண்டு அக்கா சில நாள்களே நோயுற்றிருந்தார். மருத்துவமனைக் கட்டிலிலிருந்து, "மரம் பூத்துச்சான்னு கேளுங்க" என்றார். அத்தான் அரபிக்குப் போன் செய்தார்.

"பூத்திருக்காம்."

"தண்ணி ஊத்துதாங்களாமா?"

"குளிர்ல ஊத்தவே இல்லியாம்."

அக்கா சிரித்தார். அத்தானின் கையைத் தட்டி, "சரி, பட்டத்த வச்சுக்கோங்க" என்றார். அக்காவின் வாயிலிருந்து நாங்கள் கடைசியாகக் கேட்ட நல்ல பேச்சு அதுதான்.

அக்காவைப் பார்த்துக்கொண்ட மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும், எங்களுக்குச் சோறு கொண்டுவந்த அண்டை வீட்டாருக்கும், இந்த முதலாண்டு நினைவுநாளில் வந்திருக்கும் உங்கள் அனைவருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. அல் ஐன் வீட்டுக்காரருக்கும் நன்றி: சென்ற பருவத்துக் காய்களை, கசப்பு நீக்கி, ஊருக்கு வந்த நண்பர் மூலம் அனுப்பியிருக்கிறார். அக்காவின் மகள் தாளித்திருக்கிறாள்.

ஆகவே இன்று உங்கள் இலையில் உப்புக்குப் பக்கத்தில் இருப்பது நெல்லிக்காய் அல்ல. கொட்டை உண்டு, பார்த்துக் கடியுங்கள். கசந்தால் அத்தானிடம் புகார் தரலாம். ருசித்தால், இன்னொன்று கேட்டு வாங்கிச் சாப்பிடுங்கள். அக்கா பரிமாறியிருந்தால் கேட்காமலே வைத்திருப்பார்.