செக்கிங் நாளில் யோகா அக்கா

போன வாரம் குற்றாலத்தில் சாரலுக்குப் பயந்து ஒரு பழக்கடைக்குள் ஒதுங்கினேன். மங்குஸ்தான் வந்த அட்டைப்பெட்டி நனைந்து ஒரு வாடை. பழம் வாங்க மறந்துவிட்டது. நனைந்த அட்டை என்றாலே எனக்குத் தென்காசி ஆர்ப்பாட்டம்தான்.

அப்போது நான் அகதி முகாம்களைக் கவனிக்கிற ஓர் அலுவலகத்தில் தற்காலிக எழுத்தர். ஃபேன் போடக்கூட அனுமதி கேட்கிற ரகம். இலங்கை அகதிகள் முகாமில் மாதம் ஒருமுறை செக்கிங் நடக்கும். நான் பேர் வாசிப்பேன். ஆள் நேரில் நின்று கையெழுத்துப் போடவேண்டும். இல்லாவிட்டால் பதிவும் போகும், முகாம் வீடும் போகும்.

பத்திருபது வருஷமாக இங்கேயே கிடந்தவர்களைச் சட்டவிரோதமாக வந்தவர்கள் என்றே காகிதங்கள் சொல்லின. ‘எங்களை அகதி என்று ஏற்றுக்கொள்’ என்று அட்டையில் எழுதிக்கொண்டு ஒருநாள் தென்காசியில் சாலையோரம் உட்கார்ந்துவிட்டார்கள். செக்கிங் மறுநாள்தானே என்ற தைரியம். முகாமுக்குப் போனால் எனக்கு இஞ்சி தட்டிப்போட்டு பிளேன்டீ தருகிற யோகா அக்காவும் மழையில் அட்டையோடு இருந்தார். வேலைக்குப் போய்க்கொண்டிருந்த என்னைக் கைகாட்டி நிறுத்தினார்.

“தம்பி, இண்டைக்குச் செக்கிங் வராதுதானே?”

“நாளைக்குத்தாங்க்கா. பயப்படாம இரிங்க.”

பெரிய அதிகாரி மாதிரி சொல்லிவிட்டு வந்தேன். அலுவலகத்தில் நுழைந்ததும் மேலாளர், “ரெஜிஸ்டர எடும்வே, இன்னைக்கே எண்ணிருவோம்” என்றார். ஏன் இன்றைக்கு என்று எனக்குப் புரியாமல் இல்லை. எங்கள் ஜீப் ஆர்ப்பாட்டத்தில் இருந்தவர்களைத் தாண்டித்தான் போனது. நான் குனிந்து பேனாவைத் தேடினேன். பேனா சட்டைப்பையில்தான் இருந்தது.

முகாமில் கிழடுகளும் குழந்தைகளும்தான். யோகா அக்காவின் முழுப்பேரை, யோகேஸ்வரி என்று வாசித்தேன். ‘வரவில்லை’ என்று எழுதினேன். என் கையெழுத்து அழகாக இருக்கும். அன்றைக்கும் அழகாகத்தான் இருந்தது.

இரண்டு நாள் கழித்து யோகா அக்கா மேலாளரின் மேசை முன்னால் வந்து நின்றார். அவரிடம் பேசாமல் என்னைப் பார்த்தார்.

“அண்டைக்குக் காலமை என்னைக் கண்டனீங்கள்தானே தம்பி? அதைச் சொல்லுங்கோவன்.”

“சார்ட்ட கேளுங்கக்கா” என்றேன்.

வேலை போய்விடுமோ என்று பயம். வேலை எப்படியும் ஆறு மாதத்தில் போய்விட்டது.

பதிவிலிருந்து அவர் பேரை எடுத்துவிட்டார்கள். பிள்ளைகளோடு புளியறை தாண்டிக் கேரளாவுக்குப் போய் வெளிநாட்டுக்குப் படகேறியதாகப் பிறகு கேள்விப்பட்டேன். எங்கே கரையேறினார்களோ, ஏறினார்களா என்றே தெரியாது. அந்த வீட்டில் இப்போது வேறு குடும்பம். அவர் இங்கே இருந்ததாகச் சொல்ல ஒரு தாளும் கிடையாது. கண்டேன் என்று சொல்ல இப்போது நான் தயார். கேட்கத்தான் அவர் இல்லை.