கைப்பைக்குள் கேட்ட இரும்புக்கதவு

இன்று காலை கடையில் ஒரு கணம் மின்சாரம் நின்றது. குளிர்பெட்டிகளின் இரைச்சல் அடங்கியதும் நெஞ்சு பதறிவிட்டது எனக்கு. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன், கோப்பை கழுவியே பாரிசின் லா சப்பலில் சொந்தக் கடை போட்டவன், என்னைப் பயமுறுத்த இந்தத் தெருவில் எவனும் பிறக்கவில்லை. அமைதிக்கு மட்டும் பயம். அது கலீலால் வந்தது.

கலீல் பாலஸ்தீனத்தவன். திங்கட்கிழமைகளில் வான் வண்டியில் புதினாக்கட்டு கொண்டுவந்து இறக்குவான். அந்த நேரத்தில்தான் ஊரில் அவன் தங்கை அமல், சிறுநீரகம் பழுதான தகப்பனை இரத்தம் சுத்திகரிக்க நகரத்து ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போவாள். ஊர் வாசலில் இராணுவத்தின் இரும்புக்கதவு. திறப்பதும் பூட்டுவதும் அவர்கள் மனம்போல. அமல் தொலைபேசியை அணைக்காமல் கைப்பைக்குள் போட்டுக்கொண்டு நடப்பாள். இங்கே கலீல் கேட்டுக்கொண்டு நிற்பான். பைக்குள்ளிருந்து திடீரென்று ஆண்குரல் வந்தால் சிப்பாய் என்ன செய்வானோ! கடையில் யாரும் மூச்சுவிடக்கூடாது.

"மைக்கை நிப்பாட்டலாம்தானே?" என்றேன் ஒருநாள், என் உடைந்த பிரெஞ்சில்.

"பொத்தானை நம்பேலாது, பத்ரோன்," என்றான். முதலாளியை அப்படித்தான் கூப்பிடுவான்.

ஒரு மழைத் திங்கள், லா கூர்னெவ்விலிருந்து மீன் வாங்க வரும் கமலா உள்ளே வந்தாள். "என்னண்ணை, நாக்கை அடகு வைச்சிட்டியளோ?"

விரலை உதட்டில் வைத்தேன்.

"ஆரின்ரை செத்தவீடு?" என்று அவள் சிரிக்க, தொலைபேசியில் ஒருவன் கத்தினான். ஹீப்ரு. எங்கள் இருவருக்கும் ஒரு சொல்லும் தெரியாது. கமலா சடாரென்று மழைச்சட்டைத் தொப்பியை இறக்கினாள். யாழ்ப்பாணத்து இராணுவச் சாவடிகளில் சைக்கிளை விட்டிறங்கி, குடையை மடக்கி, முகம் காட்டி நடந்த பழக்கம். என்னைப்போல் சாவடி கடந்தவன் பாரிசில் இல்லை என்று பெருமையடிக்கிறவன் நான். குனிந்து பார்த்தால், என் இரண்டு கையும் கல்லாமேசைமேல் விரிந்திருந்தன, வெறுங்கை என்று காட்ட.

செருப்புச் சத்தம். இரும்பு கிறீச்சிட்டது.

"கடந்திட்டினம்," என்றான் கலீல்.

"முதலே சொல்லக்கூடாதோ தம்பி, நான் கத்தியிருந்தால்?" கமலா தமிழிலேயே அவனை அதட்டினாள்.

பிறகொரு திங்கள் கதவு திறக்கவில்லை. அடுத்த திங்களும் இல்லை. பைக்குள் கிழவரின் குரல் கேட்டது.

"என்னவாம்?" என்றேன், அழைப்பு முடிந்ததும்.

"'திரும்பி வீட்டையோ போறம்?' எண்டு கேக்கிறார்."

இப்போது கலீல் புதினாவை இறக்கிவிட்டு நிற்காமல் போய்விடுகிறான். அந்தக் கதவடியில் மண்ணும் கல்லும் கொட்டி வழியையே மூடிவிட்டார்களாம். அவர்கள் வீட்டு மாடியில் ஏறினால் ஆஸ்பத்திரி தெரியுமாம். கடைசி நாட்களில் கிழவர் தன் கட்டிலை அங்கேதான் போடச் சொன்னாராம்.